கேரளத் திரைப்பட விழாவுக்கு முதன்முறையாகப் போகிறவர்களுக்கு: மலையாளப் படங்களை அந்த ஊர்க்காரர்களோடு அமர்ந்து பார்க்கும் வழி

மலையாளப் படங்களை ஓடிடியில் விரும்பிப் பார்க்கும் நண்பர்கள் பலர் என்னிடம் கேட்கும் கேள்விகள் மூன்று. திருவனந்தபுரம் விழாவுக்கு வெளி மாநிலத்தவரை அனுமதிப்பார்களா? எவ்வளவு செலவாகும்? மொழி புரியுமா? 2022 டிசம்பரில் நான் முதன்முறையாகச் சென்றபோது இவற்றை எனக்குச் சொல்லித் தர ஆள் இல்லை. அந்த ஆண்டு போட்டிப் பிரிவில் இருந்த ‘நண்பகல் நேரத்து மயக்கம்’ படத்தைப் பார்ப்பதற்காகவே திருநெல்வேலியிலிருந்து கிளம்பினேன். வேளாங்கண்ணிக்குப் போய்த் திரும்பும் மலையாளிக் குழுவில் ஒருவர் தமிழ்க் கிராமம் ஒன்றில் இறங்கி, அந்த ஊர்க்காரராகவே தமிழ் பேசி நடமாடும் கதை அது. முன்பதிவு எப்போது திறக்கும் என்று தெரிந்துகொள்ளாமல் போனதால் இடம் கிடைக்கவில்லை. வரிசையில் நின்றும் உள்ளே போக முடியவில்லை. பார்வையாளர்களின் வாக்கில் அந்த ஆண்டு விருது பெற்ற படமும் அதுதான் என்பதை ஊர் திரும்பிய பிறகு செய்தியில் படித்தேன். அந்த ஏமாற்றம் உங்களுக்கு வரக்கூடாது என்பதற்காகவே இதை எழுதுகிறேன்.

வீட்டிலிருந்தே பார்க்கக்கூடிய படத்துக்காக ஏன் இவ்வளவு தூரம் போக வேண்டும் என்று கேட்பீர்கள். மலையாளப் படங்களில் ஊர் என்பது கதைக்குப் பின்னால் தொங்கும் திரைச்சீலை போன்றது அன்று. பேச்சு, சாப்பாடு, சாதி, மதம், வீட்டு முற்றம், சாவு வீட்டுச் சடங்கு எல்லாம் குறிப்பிட்ட ஒரு வட்டாரத்தைச் சேர்ந்தவையாக இருக்கும். அந்த வட்டார நுட்பம் மொழிபெயர்ப்பு வரியில் வருவதில்லை. அரங்கில் உங்களுக்கு இருபுறமும் அமர்ந்திருப்பவர்களின் சிரிப்பிலும் பெருமூச்சிலும்தான் வருகிறது. அந்தப் பார்வையாளர்களோடு சேர்ந்து, குறைந்த செலவில், சில நாள்களுக்குள் பத்துப் பன்னிரண்டு புதிய மலையாளப் படங்களைப் பார்க்கக் கிடைக்கும் இடம் இந்த விழாதான்.

1. தேதியைக் கணித்துக்கொள்ளுங்கள்

கேரள மாநில சலச்சித்திர அகாதமி நடத்தும் இந்த விழாவை எல்லோரும் ஐ.எஃப்.எஃப்.கே. என்றே சொல்வார்கள். அண்மை ஆண்டுகளில் டிசம்பரின் இரண்டாம் வெள்ளிக்கிழமை தொடங்கி எட்டு நாள்கள் நடக்கிறது: 2022-இல் டிசம்பர் 9 முதல் 16 வரை, 2023-இல் 8 முதல் 15 வரை, 2024-இல் 13 முதல் 20 வரை, 2025-இல் 12 முதல் 19 வரை. அதற்கு முன், பெருந்தொற்றுக் காலத்தில் விழா டிசம்பரில் நடக்கவில்லை. ஆகவே அதிகாரபூர்வ அறிவிப்பு வரும் முன்பே நாள்காட்டியில் இரண்டாம் வெள்ளியைக் குறித்துவைத்துக்கொண்டு, விடுப்பை அதற்கேற்பக் கேட்டு வைக்கலாம். அறிவிப்பு வந்ததும் ஒருமுறை சரிபார்த்துக்கொள்ளுங்கள்.

எட்டு நாளும் இருக்க வேண்டும் என்பதில்லை. தொடக்க நாள் வெள்ளியன்று படங்கள் குறைவு, விழா மேடைதான் முதன்மை. சனிக்கிழமை காலை சேர்ந்து புதன்கிழமை கிளம்பினால் மலையாளப் பிரிவைப் பெரும்பாலும் பார்த்துவிடலாம். முதல்முறை செல்பவருக்கு நான்கு இரவுகள் போதும். அதற்கு மேல் உடம்பு தாங்குவதும் கடினம்.

2. ரயிலும் அறையும் முதலில், பதிவு பிறகு

நான் செய்த முதல் தவறு, விழாப் பதிவு முடிந்த பிறகு ரயில் பார்க்கலாம் என்று காத்திருந்தது. விழாப் பதிவு பொதுவாக நவம்பரின் பிற்பாதியில்தான் திறக்கும். ரயில் முன்பதிவோ பயண நாளுக்கு 60 நாள் முன்பே, அதாவது அக்டோபரிலேயே திறந்துவிடும். டிசம்பர் சபரிமலை மண்டல காலம் என்பதை மறந்துவிடாதீர்கள். நவம்பர் நடுவிலிருந்து கேரளத்துக்குள் செல்லும் ரயில்கள் மாலை போட்டவர்களால் நிரம்பிவிடும். திரும்பும் பயணம் இன்னும் சிக்கல், ஏனெனில் விழா முடியும் நாள்கள் கிறிஸ்துமஸ் விடுமுறைக் கூட்டத்தை ஒட்டி வருகின்றன. போகும் நாளுக்கும் திரும்பும் நாளுக்கும் அதனதன் அறுபதாம் நாள் காலையிலேயே பதிவு செய்துவிடுங்கள். விழாத் தேதி மாறினால் ரத்துக் கட்டணம் சிறிதளவு போகும். அது பெரிய இழப்பில்லை.

சென்னையிலிருந்து வருபவர்களுக்கு எழும்பூரில் கிளம்பும் அனந்தபுரி எக்ஸ்பிரஸ் வசதி. மதுரை, திருநெல்வேலி, நாகர்கோவில் வழியாகத் திருவனந்தபுரம் வந்து சேரும். படுக்கை வகுப்புக்கு ஒரு வழிக்கு 500 ரூபாயை ஒட்டி ஆகும். தென் மாவட்டத்துக்காரர்கள் ரயில் கிடைக்காவிட்டாலும் கலங்க வேண்டாம். நாகர்கோவில் வடசேரி நிலையத்திலிருந்து இரு மாநில அரசுப் பேருந்துகளும் ஓடுகின்றன. நெய்யாற்றின்கரை, பாலராமபுரம் பக்கம் சாலை குறுகலாக இருப்பதால் இரண்டு மணி நேரத்துக்கு மேல் பிடிக்கும் என்று கணக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

அறையைத் தம்பானூரிலேயே பாருங்கள். ரயில் நிலையம், பேருந்து நிலையம், விழா நடக்கும் அரங்குகளில் பாதி ஆகிய எல்லாம் அங்கேதான். மாஞ்சாலிகுளம் சாலையில் சிறிய லாட்ஜுகள் வரிசையாக உள்ளன. தனி அறைக்கு நாளுக்கு 800 முதல் 1,000 ரூபாய் வரை நான் கொடுத்திருக்கிறேன். விழா நாள்களில் விலை ஏறும். இங்கே ஓர் எச்சரிக்கை. 2023-இல் ஒரு விடுதியில் தொலைபேசியில் பேசி, முன்பணமும் அனுப்பிவிட்டு இரவு பதினொரு மணிக்குப் போய் நின்றேன். அறை இல்லை என்று சொல்லிவிட்டார்கள். கையில் எழுத்து வடிவில் எந்த உறுதியும் இல்லாததால் என்னால் வாதாட முடியவில்லை. அதன் பிறகு, பெயரும் தேதியும் தொகையும் குறிப்பிட்டு ஒரு குறுஞ்செய்தியாவது வாங்காமல் முன்பணம் அனுப்புவதில்லை. முதல் நாள் காலையில் ஒருமுறை அழைத்து உறுதி செய்துகொள்கிறேன். ஆதார் அசல் கையில் இருக்கட்டும். அறை கொடுப்பவர்கள் அதைத்தான் கேட்கிறார்கள்.

3. டெலிகேட் பதிவு

விழாவுக்கு ஒவ்வொரு படத்துக்கும் தனித்தனியாக டிக்கெட் வாங்கும் முறை இல்லை. டெலிகேட் பாஸ் ஒன்றுதான். அது எட்டு நாளுக்கும் செல்லும். எந்த மாநிலத்தவரும் பதியலாம், திரைத்துறையில் இருக்க வேண்டும் என்பதும் இல்லை. 2023, 2024 ஆண்டுகளில் பொதுப் பிரிவுக்கு 1,000 ரூபாயும் 18 சதவீத ஜி.எஸ்.டி.யும் சேர்த்து 1,180 ரூபாய். மாணவர்களுக்கு வரியோடு 590 ரூபாய். விழா நெருங்கும்போது அறிவிப்பில் புதிய கட்டணத்தைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

விழாவின் பதிவுத் தளத்தில் மின்னஞ்சல், கைபேசி எண் கொடுத்துக் கணக்குத் தொடங்கி, புகைப்படம் ஏற்றி, பிரிவைத் தேர்ந்து, இணையவழியில் பணம் கட்ட வேண்டும். கையில் தயாராக வைத்திருக்க வேண்டியவை: முகம் தெளிவாகத் தெரியும் புகைப்படம், அரசு அடையாள அட்டை, மாணவரானால் நடப்புக் கல்வியாண்டின் அடையாள அட்டை. திரைப்படச் சங்கத்தில் உறுப்பினராக இருந்தால் அதற்கென்று தனிப் பிரிவு உண்டு. உங்கள் சங்கச் செயலாளரிடம் முன்கூட்டியே பேசிவிடுங்கள்.

இங்கே மூன்று இடங்களில் புதியவர்கள் சறுக்குகிறார்கள். பெயரை அடையாள அட்டையில் உள்ளபடியே எழுத வேண்டும். முன்னெழுத்தை விட்டோ விரித்தோ எழுதினால் பாஸ் வாங்கும்போது பேச வேண்டியிருக்கும். பதிவுக்குக் கொடுத்த அதே மின்னஞ்சலும் கடவுச்சொல்லும்தான் பிறகு இருக்கை முன்பதிவுக்கும் வேண்டும் என்பதால், நண்பரின் மின்னஞ்சலில் பதியாதீர்கள், கடவுச்சொல்லை எழுதி வைத்துக்கொள்ளுங்கள். மாணவர் சலுகைக்குப் பழைய அட்டை செல்லாது. பாஸ்களுக்கு எண்ணிக்கை வரம்பு இருப்பதால், பதிவு திறந்த முதல் நாள்களிலேயே முடித்துவிடுவது நல்லது.

4. கிளம்பும் முன் காதைப் பழக்குங்கள்

இந்தப் படிக்கு ஆவணமும் பணமும் தேவையில்லை, மூன்று வாரம் வேண்டும். ஆனால் பயணத்தின் பயன் முழுவதும் இதைப் பொறுத்தே இருக்கிறது என்பது என் உறுதியான எண்ணம்.

முதலில், தமிழில் ஒலிமாற்றிய பதிப்புகளைப் பார்ப்பதை நிறுத்துங்கள். அவற்றில் காசர்கோட்டுக்காரரும் கோட்டயத்துக்காரரும் ஒரே தமிழைப் பேசுவார்கள். படத்தின் பாதி அங்கேயே போய்விடும். மூல மலையாள ஒலியோடு, முதல்முறை எழுத்து வரிகளுடனும் (சப்டைட்டில்) இரண்டாம் முறை அவை இல்லாமலும் பாருங்கள்.

படங்களை நட்சத்திரத்தை வைத்துத் தேர்ந்தெடுக்காமல் ஊரை வைத்துத் தேர்ந்தெடுங்கள். இடுக்கி மலையூருக்கு ‘மகேஷிண்டெ பிரதிகாரம்’ (2016), காசர்கோட்டின் வறண்ட நிலத்துக்கும் காவல் நிலையத்துக்கும் ‘தொண்டிமுதலும் திருக்சாட்சியும்’ (2017), மலப்புறத்தில் அணிக்கு ஏழு பேராக ஆடும் செவன்ஸ் கால்பந்துக்கும் அந்தப் பகுதி முஸ்லிம் வீடுகளின் விருந்தோம்பலுக்கும் ‘சுடானி ஃப்ரம் நைஜீரியா’ (2018), கொச்சிக்குத் தெற்கே செல்லானம் கடற்கரையின் லத்தீன் கத்தோலிக்கச் சாவு வீட்டுக்கு ‘ஈ.ம.யௌ.’ (2018), கொச்சிக் காயலோரத்துக்கு ‘கும்பளங்கி நைட்ஸ்’ (2019) என்று வடக்கும் தெற்குமாக ஐந்து படம் பார்த்தாலே காது திறந்துவிடும். ஒரே மொழி என்று நாம் நினைத்தது எத்தனை பேச்சுகளாகப் பிரிகிறது என்பது அப்போது தெரியும்.

உறவுச் சொற்களைத் தனியாகக் கவனியுங்கள். மலையாளப் படத்தில் ஒருவர் இன்னொருவரை அழைக்கும் சொல்லே அவர் எந்த ஊர், எந்தச் சமூகம் என்று சொல்லிவிடும். பொதுவாகச் சேட்டன், சேச்சி. மலபார் முஸ்லிம் வீட்டில் இக்கா, இத்தா, உம்மா, உப்பா. கோட்டயம் பக்கத்துக் கிறிஸ்தவ வீட்டில் அப்பச்சன், அம்மச்சி, இச்சாயன். திருவனந்தபுரத்தில் நம்மைப் போலவே அண்ணன். எழுத்து வரியில் இவை யாவும் வெறும் பெயராகவோ சகோதரன் என்ற ஒற்றைச் சொல்லாகவோ மாறிவிடும். கலப்பு மணத்தைப் பற்றிய ஒரு காட்சியில் மணமகள் மாமனாரை எந்தச் சொல்லால் அழைக்கிறாள் என்பதில்தான் அந்தக் காட்சியின் எடையே இருக்கும்; எழுத்து வரியை மட்டும் படித்தவருக்கு அது தெரியாமலே போகும்.

தமிழருக்கு மட்டுமே உரிய ஒரு பொறியும் உண்டு. நமக்குத் தெரிந்த சொல் என்று நம்பி ஏமாறுவது. வெள்ளம் என்றால் அங்கே குடிக்கும் தண்ணீர். சம்சாரம் என்றால் பேச்சு. பட்டி என்றால் நாய். கொள்ளாம் என்றால் நன்றாக இருக்கிறது. இப்படி நாற்பது ஐம்பது சொற்களை ஒரு தாளில் எழுதிக்கொண்டு போனேன். அந்தத் தாள் எந்த அகராதியையும்விட எனக்கு உதவியது.

5. பாஸ் வாங்கும் நாள்

வழுதக்காட்டில் உள்ள டாகோர் தியேட்டர்தான் விழாவின் மையம். அங்குள்ள டெலிகேட் பிரிவில் அடையாள அட்டையைக் காட்டி பாஸும், அதோடு நிகழ்ச்சி நிரல், படங்களைப் பற்றிய விழாப் புத்தகம் அடங்கிய பையும் பெற்றுக்கொள்ள வேண்டும். விழா தொடங்குவதற்கு ஓரிரு நாள் முன்பே வழங்கத் தொடங்கிவிடுவார்கள். தொடக்க நாள் காலையிலும் அதற்கடுத்த நாள் காலையிலும் வரிசை நீளமாக இருக்கும். வெளியூரிலிருந்து வருபவர் மாலை வேளையில் போனால் விரைவில் முடியும். ரயிலிலிருந்து இறங்கியதும் பெட்டியோடு நேரே அங்கே போகாதீர்கள், அறையில் வைத்துவிட்டுப் போங்கள்.

பாஸைக் கழுத்தை விட்டு எடுக்காதீர்கள். ஒவ்வோர் அரங்கின் வாசலிலும் அதைக் காட்டித்தான் நுழைய வேண்டும். பை கிடைத்த அன்றிரவே நிகழ்ச்சி நிரலை விரித்து, புதிய மலையாளப் படங்களுக்கான ‘மலையாள சினிமா டுடே’ பிரிவின் படங்களை ஒரு வண்ணத்திலும், போட்டிப் பிரிவில் உள்ள மலையாளப் படங்களை இன்னொரு வண்ணத்திலும் கோடிட்டு வையுங்கள். பெரும்பாலான படங்கள் ஒன்றுக்கு மேற்பட்ட முறை திரையிடப்படும். முதல் திரையிடலில் இயக்குநரும் நடிகர்களும் வருவார்கள், கூட்டமும் அதிகம். படம் மட்டும் போதும் என்றால் இரண்டாம் திரையிடலில் இடம் எளிதாகக் கிடைக்கும்.

6. இருக்கை முன்பதிவு: காலை 8 மணி

2022-இல் நான் தோற்ற இடம் இது. பாஸ் இருந்தாலே எந்தப் படத்துக்கும் உள்ளே போகலாம் என்று எண்ணியிருந்தேன். அப்படியன்று. மறுநாள் படங்களுக்கான இருக்கைகளை முந்தைய நாள் காலை 8 மணிக்கு இணையத்திலும் செயலியிலும் திறந்துவிடுகிறார்கள். அதிகம் பேசப்படும் படங்களுக்கு ஐந்து பத்து நிமிடத்தில் இடம் தீர்ந்துவிடுகிறது. நான் அன்று பத்து மணிக்கு, தேநீர் குடித்துவிட்டு நிதானமாகக் கைபேசியைத் திறந்தேன்.

இப்போது நான் பின்பற்றும் முறை இதுதான். இரவே மறுநாளைக்கு அடுத்த நாளின் பட்டியலைத் தயாரித்து, ஒவ்வொரு நேரத்துக்கும் முதல் தேர்வு, மாற்றுத் தேர்வு இரண்டையும் தாளில் எழுதிக்கொள்கிறேன். காலை 7.50-க்கே கணக்கில் நுழைந்துவிடுகிறேன். 8 மணிக்குத் திறந்ததும் முதலில் எடுப்பது நான் மிக விரும்பும் படத்தை. நேர வரிசைப்படி காலைக் காட்சியிலிருந்து தொடங்குவது பலர் செய்யும் தவறு, ஏனெனில் காலைக் காட்சிக்கு இடம் எப்போதும் மிஞ்சும், மாலைக் காட்சிக்கு மிஞ்சாது. ஒருவர் ஒரு நாளுக்கு எத்தனை படம் பதியலாம் என்ற வரம்பு அறிவிப்பில் இருக்கும். முதல் நாளே படித்துவிடுங்கள். போக முடியாத படத்தைப் பதிந்து வைத்திருந்தால் ரத்து செய்துவிடுங்கள். வெளியே வரிசையில் நிற்பவருக்கு அது ஓர் இடம்.

முன்பதிவு கிடைக்கவில்லை என்றாலும் வழி அடைத்துவிடவில்லை. எல்லா இருக்கைகளையும் இணையத்தில் கொடுத்துவிடுவதில்லை. முன்பதிவு இல்லாதவர்களுக்கென்று தனி வரிசை உண்டு. படம் தொடங்கும் வேளை நெருங்கியும் நிரம்பாத இடங்களுக்கு அந்த வரிசையிலிருந்து ஆள் எடுப்பார்கள். ஒரு மணி நேரம் முன்பே நின்றால் பெரும்பாலும் இடம் கிடைத்திருக்கிறது. தரையிலும் படிக்கட்டிலும் அமர்ந்து பார்க்க விடுவார்கள் என்று பழைய அனுபவத்தைச் சொல்பவர்களை நம்பிப் போகாதீர்கள். மூத்த குடிமக்களுக்கும் மாற்றுத்திறனாளிகளுக்கும் நுழைவில் முன்னுரிமை கொடுக்கிறார்கள். பெற்றோரை அழைத்துச் செல்பவர்கள் வாசலில் நிற்கும் தன்னார்வலரிடம் தயங்காமல் சொல்லுங்கள்.

அந்த வரிசையை வீண் நேரம் என்று எண்ண வேண்டாம். எந்தப் படத்தைப் பார்க்கலாம், எதை விடலாம் என்பதற்கு எந்த விமர்சனத்தையும்விட அங்கே நிற்பவர்களின் பேச்சு நம்பகமானது. 2024-இல் ‘ஃபெமினிச்சி ஃபாத்திமா’ என்ற பெயரை நான் முதலில் கேட்டது அப்படி ஒரு வரிசையில்தான். பொன்னானியில் வாழும் ஒரு குடும்பப் பெண் தனக்கொரு புதிய மெத்தை வேண்டும் என்று எண்ணுவதும், அதைச் சுற்றி வீட்டில் எழும் தடைகளும்தான் கதை. அந்த ஆண்டு பார்வையாளர் விருது அதற்குத்தான் போயிற்று.

7. அரங்குகளை வட்டாரமாகப் பிரியுங்கள்

தம்பானூரில் பேருந்து நிலையத்தை ஒட்டி கைரளி, ஸ்ரீ, நிளா என்ற மூன்று அரங்குகள் ஒரே வளாகத்தில் உள்ளன. நடந்து போகும் தூரத்தில் நியூ தியேட்டர். கிழக்கேக்கோட்டைப் பக்கம் ஸ்ரீ பத்மநாபா. வழுதக்காட்டில் டாகோர், கலாபவன். கனகக்குன்று அரண்மனை வளாகத்தில் நிசாகந்தி திறந்தவெளி அரங்கு. ஒரு பாதி நாளை ஒரே வட்டாரத்தில் கழிக்கும்படி பட்டியலை அமையுங்கள். தம்பானூரில் ஒரு படம் முடிந்து வழுதக்காட்டில் அடுத்தது என்றால் இடையில் குறைந்தது 40 நிமிடம் வேண்டும். தூரம் அதிகமில்லை, போக்குவரத்து நெரிசல்தான். ஆட்டோவுக்குக் குறைந்தபட்சக் கட்டணம் 30 ரூபாய், அதில் ஒன்றரை கிலோமீட்டர். மீட்டர் போட்டுத்தான் ஓட்டுகிறார்கள்.

குடை எடுத்துப் போங்கள். டிசம்பரிலும் அங்கே வடகிழக்குப் பருவமழை திடீரென்று கொட்டும், வரிசையோ திறந்த வெளியில். அரங்குக்குள் குளிர் கடுமையாக இருக்கும் என்பதால் ஒரு சால்வையும் தேவை.

8. அரங்குக்குள்

விழாவில் மலையாளப் படங்களுக்கு ஆங்கில எழுத்து வரிகள் உண்டு. அதை ஊன்றுகோலாக மட்டும் வைத்துக்கொள்ளுங்கள். 2023-இல் ஸ்ரீ அரங்கில் ஒரு படம் பார்த்துக்கொண்டிருந்தேன். கடைக்காரர் ஒருவர் வாசலில் நிற்பவரைப் பார்த்து ஒரே ஒரு சொல் கேட்கிறார். அரங்கு முழுவதும் அதிர்ந்து சிரித்தது. கீழே எழுத்தில் வந்தது ‘என்ன?’ என்று பொருள்படும் ஒரு சொல் மட்டுமே. எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. இடைவேளை இல்லாததால் படம் முடியும்வரை காத்திருந்து, பக்கத்தில் இருந்த ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவரிடம், “சாரே, அந்த இடத்தில் ஏன் எல்லோரும் சிரித்தார்கள்?” என்று கேட்டேன். அவர் எழுந்தவர் மீண்டும் அமர்ந்துவிட்டார்.

“அவன் கேட்டது ‘எந்தூட்டா’ என்று. அது திருச்சூர்ப் பேச்சு. அதுவரை அவன் தன்னைத் திருவனந்தபுரத்துக்காரன் என்று சொல்லிக்கொண்டுதானே வருகிறான்? இங்கே உள்ளவன் ‘எந்தரு’ என்றுதான் கேட்பான். பதற்றத்தில் சொந்த ஊர் வாயில் வந்துவிட்டது” என்றார் அவர்.

பொய் சொல்லி வாழும் ஒரு மனிதன் பிடிபடும் இடம் அது. எழுத்து வரியில் படம் பார்த்த எனக்கு அவன் பிடிபட்டதே தெரியாமல் அரை மணி நேரம் கடந்திருந்தது. அதற்குப் பிறகு அவர் கண்ணூர்ப் பக்கம் அவனை ‘ஓன்’, அவளை ‘ஓள்’ என்பார்கள் என்றும், மலப்புறத்தில் நீ என்பதற்கு ‘இஜ்ஜ்’ என்பார்கள் என்றும் விரலை மடக்கி மடக்கிச் சொல்லிக்கொண்டே வாசல்வரை வந்தார்.

ஆகவே நான் சொல்வது இதுதான்: நண்பர்களோடு போனாலும் அரங்கில் பிரிந்து அமருங்கள், உள்ளூர்க்காரர் ஒருவர் பக்கத்தில் இருக்கும்படி. படம் ஓடும்போது பேசாதீர்கள், அங்கே யாரும் அதைப் பொறுத்துக்கொள்ள மாட்டார்கள். அரங்கு சிரித்து நீங்கள் சிரிக்காத இடங்களை இருட்டிலேயே குறிப்பேட்டில் கிறுக்கி வையுங்கள். கைபேசி வெளிச்சம் வேண்டாம். முடிந்ததும் தமிழிலேயே மெதுவாகக் கேளுங்கள். திருவனந்தபுரத்தில் தமிழ் புரியாதவர் குறைவு, படத்தைப் பற்றிக் கேட்டால் பதில் சொல்லாமல் போகிறவரை நான் இதுவரை பார்த்ததில்லை.

9. படம் இல்லாத நேரம்

ஒரு நாளுக்கு ஐந்து படம் என்று அடுக்காதீர்கள், மூன்று போதும். டாகோர் வளாகத்தில் நடக்கும் ஓப்பன் ஃபோரம் என்ற திறந்த விவாதத்துக்கு ஒருமுறையாவது போங்கள். முந்தைய நாள் படத்தின் சாதிப் பார்வையையோ பெண் பாத்திரங்களையோ பார்வையாளர் எழுந்து இயக்குநரிடம் நேருக்கு நேர் கேட்பார். இயக்குநரும் பதில் சொல்லியே ஆக வேண்டும். வாசகசாலையும் திரைப்படச் சங்கமும் ஊருக்கு ஊர் வளர்த்த பழக்கம் அது. விவாதம் வேகமான மலையாளத்தில் நடக்கும். பாதி புரிந்தாலும் போதும். விழாவின் தினசரிச் செய்தி ஏட்டில் அதன் சுருக்கம் வரும்.

சாப்பாட்டுக்குப் பேருந்து நிலையத்தை ஒட்டி, கட்டடக் கலைஞர் லாரி பேக்கர் வடிவமைத்த சுருள் வடிவ இந்தியன் காஃபி ஹவுஸ் கைரளி வளாகத்துக்கு மிக அருகில். அவர்களுடைய மசாலா தோசையில் பீட்ரூட் இருக்கும். கெட்டுப்போனதோ என்று ஐயப்பட வேண்டாம். மதியம் ‘ஊணு’ என்று கேட்டால் சாப்பாடு.

ஒரு மாலையை விழாவுக்கு வெளியே கழியுங்கள். சாதாரண அரங்கில் அப்போது ஓடும் புதிய மலையாளப் படத்துக்கு டிக்கெட் எடுத்து, எழுத்து வரிகள் இல்லாமல், குடும்பங்களோடு அமர்ந்து பாருங்கள். விழாப் பார்வையாளர் மட்டுமே மலையாளப் பார்வையாளர் என்ற தவறான எண்ணம் வராமல் இருக்க அது தேவை.

10. செலவும் கடைசி நாளும்

சென்னையிலிருந்து செல்லும் ஒருவருக்கு நான்கு இரவுக் கணக்கு: பாஸ் 1,180, அறை 3,600, சாப்பாடு ஐந்து நாளுக்கு 1,750, உள்ளூர்ப் போக்குவரத்து 600, ரயில் போக வர 1,000. மொத்தம் 8,130 ரூபாய். மாணவர் இருவர் அறையைப் பகிர்ந்துகொண்டால் தலைக்கு ஆறாயிரத்துக்குள் முடியும். அகாதமி வெளியிட்ட திரைப்படப் புத்தகங்கள் விழா வளாகத்தில் விற்பனைக்குக் கிடைக்கும். அதற்கென்று 500 ரூபாய் தனியாக வையுங்கள், பார்த்த பிறகு வாங்காமல் வர மனம் வராது.

பெரும்பாலான லாட்ஜுகள் 24 மணி நேரக் கணக்கு வைத்திருக்கும். இரவு நுழைந்தால் கடைசி நாள் இரவுவரை அறை இருக்கும், காலையில் நுழைந்தால் காலையிலேயே காலி செய்ய வேண்டும், நுழையும்போதே கேட்டுக்கொள்ளுங்கள். காலையில் காலி செய்ய நேர்ந்தால் பெட்டியை ரயில் நிலையப் பொருள் வைப்பறையில் வைத்துவிட்டுக் கைரளியில் ஒரு படம் பார்த்துவிடலாம். நிலையம் எதிரிலேயே இருக்கிறது. போட்டிப் பிரிவுப் படங்களுக்குப் பார்வையாளர் வாக்களிக்கும் வசதி விழாவின் கடைசி நாள்களில் திறக்கும். முன்னதாகவே ஊர் திரும்பிவிட்டாலும் உங்கள் கணக்கில் நுழைந்து, பார்த்தவற்றில் பிடித்ததற்கு மறக்காமல் வாக்களியுங்கள்.